எட்டு நாள் கணக்கு, பன்னிரண்டு வருட வழக்கு

1980 டிசம்பர் 12 தேதியிட்ட ஒரு கடிதத்திலிருந்து இந்த வழக்கு தொடங்குகிறது. ஹரியானாவில் ஜே.எம்.ஏ. இண்டஸ்ட்ரீஸ் என்ற நிறுவனம் தன் தொழிலாளி ஒருவருக்கு அனுப்பியது. அதன் சாரம் இதுதான்: டிசம்பர் 3 முதல் எட்டு நாளுக்கு மேல் நீங்கள் லீவு சொல்லவில்லை, அனுமதி வாங்கவில்லை, வேண்டுமென்றே வேலைக்கு வரவில்லை. ஆகவே நீங்களாகவே வேலையை விட்டுப் போய்விட்டதாகக் கருதப்படுகிறீர்கள். டிசம்பர் 3 முதல் உங்கள் பணியுரிமை போய்விட்டது.

'கருதப்படுகிறீர்கள்' என்ற சொல்லைக் கொஞ்சம் கவனியுங்கள். நிர்வாகம் யாரையும் நீக்கவில்லை. தொழிலாளிதான் போய்விட்டார், நிர்வாகம் அதைக் குறித்துக்கொண்டது, அவ்வளவுதான். நீக்கினால் குற்றச்சாட்டுக் குறிப்பாணை தர வேண்டும், விளக்கம் கேட்க வேண்டும், உள்விசாரணை நடத்த வேண்டும், சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்ய விட வேண்டும். அவராகவே போய்விட்டார் என்றால் இந்த வேலை எதுவும் இல்லை. ஒரு தபால் செலவோடு முடிந்துவிடும்.

தொழிலாளி சொன்னது வேறு கதை. டிசம்பர் 3-ஆம் தேதி வேலைக்குப் போனேன், கேட்டிலேயே நிறுத்திவிட்டார்கள். அடுத்த நாளும் போனேன், அதற்கடுத்த நாளும் போனேன். உள்ளே விடவில்லை, வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட விடவில்லை, ஏன் என்றும் சொல்லவில்லை. இதை விளக்கி அவர் எழுதிய கடிதமும் வழக்கு ஆவணங்களில் இருந்தது.

ஆக, சண்டை ஒரே ஒரு கேள்வியில் நின்றது. அந்தப் பத்து நாளும் அந்த மனிதர் கேட்டுக்கு வெளியே நின்றாரா, வீட்டில் இருந்தாரா? உச்ச நீதிமன்றம் வரைக்கும் போய், 1993 மே 7-ஆம் தேதி தீர்ப்பு வந்த பிறகும் இந்தக் கேள்விக்கு நேரடியான பதில் இல்லை. தொழிலாளர் வழக்குகளில் வேலை பார்க்கிற எங்களுக்கு இந்தத் தீர்ப்பு மனப்பாடம். எத்தனையோ மனுக்களில் மேற்கோள் காட்டியிருக்கிறேன். ஆனால் பதில் கிடைக்காமல் போன அந்தக் கேள்விதான் இதில் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

நிலையாணை என்ன சொன்னது

கம்பெனி பிடித்துக்கொண்டது சான்றளிக்கப்பட்ட நிலையாணையின் 13(2)(iv) பிரிவை. நிலையாணை என்பது, அரசு அதிகாரி சான்றளித்த, கம்பெனியின் வேலை விதிகள். லீவு முடிந்தும் வராதவர், அல்லது லீவே இல்லாமல் வராதவர், மூன்று நாளுக்குள் திரும்பி வந்து, வராததற்கான காரணத்தை நிர்வாகம் திருப்தியடையும்படி விளக்க வேண்டும். இல்லாவிட்டால் பணியுரிமை போய்விடும். எட்டு நாளுக்குள்ளும் வராவிட்டால் தானாகவே வேலையைக் கைவிட்டதாகக் கருதப்படுவார், மஸ்டர் ரோலில் இருந்து பெயர் அடிக்கப்படும். இங்கே நாள் என்பது காலண்டர் நாள். 1980 டிசம்பர் 3 புதன்கிழமை. நடுவில் வந்த 7-ஆம் தேதி ஞாயிறும் அந்த எட்டில் சேரும்.

இதில் ஒன்று பலர் கண்ணில் படுவதில்லை. அந்தப் பிரிவுக்குள்ளேயே 'விளக்க வேண்டும்' என்று ஒரு வாய்ப்பு இருக்கிறது. விளக்கம் சொல்லலாம் என்றால் அதைக் கேட்க ஒருவர் இருக்க வேண்டும் இல்லையா? கேட்டிலேயே நிறுத்தப்பட்டவர் யாரிடம் போய் விளக்குவார், செக்யூரிட்டியிடமா? நிலையாணையை எழுதியவரே கொடுத்த வாய்ப்பை, அதைக் கையில் எடுத்தவர் மூடிவிட்டார்.

இந்த எட்டு நாள் கணக்கு ஹரியானாவில் பிறந்ததில்லை. நம் பெரம்பூருக்கு இதில் பெரிய பங்கு உண்டு. பக்கிங்ஹாம் அண்ட் கர்நாடிக் மில், சென்னைக்காரர்கள் வாயில் பின்னி மில். அதன் நிலையாணையிலும், தொடர்ந்து எட்டு வேலை நாள் லீவு இல்லாமல் வராதவர் வேலையை விட்டுவிட்டதாகக் கருதப்படுவார் என்று இருந்தது. 1957-இல் லீவில் போன ஒரு தொழிலாளி, லீவு முடிந்தும் வரவில்லை. அப்புறம் மலேரியாவும் சீதபேதியும் என்று டாக்டர் சான்றிதழோடு வந்தார். மில் அவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை. 1960-களின் தொடக்கத்தில் உச்ச நீதிமன்றம் மில் பக்கம் தீர்ப்புச் சொன்னது. ஒருவர் வேலையைக் கைவிட்டாரா என்பது பொதுவாக அவர் மனதில் என்ன இருந்தது என்பதைப் பொறுத்தது, சும்மா ஊகித்துவிட முடியாது. ஆனால் இரண்டு தரப்பும் ஏற்றுக்கொண்ட நிபந்தனையாக நிலையாணையில் அது எழுதப்பட்டிருந்தால், அங்கே மனதையும் இரக்கத்தையும் பார்க்க இடமில்லை என்பதுதான் அந்தத் தீர்ப்பின் வாதம்.

அதற்குப் பிறகு ஏறக்குறைய முப்பது வருடம் இந்தப் பெரம்பூர் தீர்ப்பு நாடு முழுக்க நிர்வாகங்களுக்குக் கை கொடுத்தது. நிலையாணையில் தானாகவே போகும் என்று ஒரு வரி இருந்தால் போதும், விசாரணைத் தலைவலி இல்லை. இரண்டு தரப்பும் ஏற்றுக்கொண்ட நிபந்தனை என்று நீதிமன்றம் சொன்னதைப் படிக்கும்போதெல்லாம் எனக்குச் சிரிப்பு வரும். நிலையாணைப் புத்தகத்தைக் கண்ணால் பார்த்த தொழிலாளியை நான் விரல் விட்டு எண்ணிவிடுவேன்.

நீதிமன்றத்துக்கு முன்னால் ஒரு மேசை

தனி ஆள் வேலைநீக்கத்தையும் தொழில் தகராறாகக் கருதலாம் என்று, 2025 நவம்பர் வரை இருந்த தொழில் தகராறுகள் சட்டத்தின் 2ஏ பிரிவு சொன்னது. அந்தத் தகராறு நேராக நீதிமன்றத்துக்குப் போய்விடாது. முதலில் சமரச அலுவலர் என்ற தொழிலாளர் துறை அதிகாரி. அவர் இரண்டு தரப்பையும் கூப்பிட்டு, நியாயமான, சுமுகமான தீர்வுக்கு அவர்களைக் கொண்டுவரத் தனக்குச் சரியென்று தோன்றும் எதையும் செய்யலாம் என்று 12(2) அனுமதித்தது. இந்த அளவுக்குத் தாராளமான ஒரு வரி தொழிலாளர் சட்டத்தில் வேறு எங்கும் இருக்கிறதா என்று தெரியவில்லை. முடிந்தால் 12(3) ஒப்பந்தம். முடியாவிட்டால் 12(4)-இன்படி அரசுக்கு முறிவறிக்கை. எல்லாம் 14 நாளுக்குள் என்று அந்தச் சட்டம் சொன்னது. அந்தப் பதினான்கு நாளைக் கணக்கு வைத்து நடந்த சமரசத்தை நான் பார்த்ததில்லை.

ஜே.எம்.ஏ. வழக்கு நடந்த காலத்தில் முறிவறிக்கைக்குப் பிறகும் தொழிலாளி தானாக நீதிமன்றம் போக முடியாது. அரசு பரிசீலித்து, இது விசாரிக்கத் தக்கது என்று தொழிலாளர் நீதிமன்றத்துக்கு அனுப்ப வேண்டும். அந்த வழியாகத்தான் அந்த வழக்கு ஃபரிதாபாத் தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போனது. தமிழ்நாடு 1988-இல் ஒரு திருத்தம் கொண்டுவந்து இந்த நடுப்படியை எடுத்துவிட்டது. சமரசம் முறிந்தால் தொழிலாளி நேராக மனுப் போடலாம். நாடு முழுக்க இந்த வசதி வர 2010 ஆனது. சமரச மனு போட்டு 45 நாள் கழிந்தால் போகலாம், வேலைநீக்கமான மூன்று வருடத்துக்குள் போக வேண்டும் என்பது அந்தத் திருத்தம்.

சமரச மேசையில் வழக்கறிஞர்களுக்கு இடமில்லை என்று அதே சட்டத்தின் 36(3) சொன்னது. தொழிற்சங்கத்தில் வழக்கு வேலை பார்க்கிறவன் என்பதால் நான் உட்கார முடியும். சில வருடங்களுக்கு முன் நடந்த ஒன்றைச் சொல்கிறேன். ஊர், மில் பெயரெல்லாம் வேண்டாம்.

ஒரு நூற்பாலைத் தொழிலாளி, பதினான்கு வருட சர்வீஸ். மகள் காதுகுத்துக்கு மூன்று நாள் லீவு போட்டுச் சொந்த ஊருக்குப் போனவர், அம்மாவுக்கு உடம்பு முடியாமல் போக, பதினோராம் நாள் திரும்பினார். கேட்டில் செக்யூரிட்டி, "ஹெச்.ஆர். சொல்லாம விட முடியாதுண்ணே" என்றார். ஹெச்.ஆர். வெளியே வரவில்லை. இரண்டு நாள் இப்படி. மூன்றாம் நாள் பக்கத்து வீட்டு காலேஜ் பையன் ஒரு கடிதம் எழுதிக் கொடுத்தான். 'ஐயா, இன்ன தேதி முதல் வேலைக்கு வருகிறேன், உள்ளே விடவில்லை, வேலை தரவும்.' ஆறு வரி. பதிவுத் தபாலில் போனது. ஒப்புகை அட்டை திரும்பி வந்தது.

சமரச அலுவலகத்தில் வெளியே பெஞ்சில் ஒரு பிளாஸ்டிக் கவரை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். ஈ.எஸ்.ஐ. அட்டை, சம்பளச் சீட்டுகள், அந்த ஒப்புகை அட்டை. முதல் தேதிக்கு நிர்வாகம் வரவில்லை. இரண்டாம் தேதிக்கு வந்த அதிகாரி, "மேலே கேட்டுச் சொல்றேன் சார்" என்றார். மூன்றாம் தேதிக்கும் அதே வாசகம். சமரசம் முறிவதற்கு முதல் காரணம் என்ன என்று என்னைக் கேட்டால், பிடிவாதத்தைச் சொல்ல மாட்டேன். முடிவெடுக்கும் அதிகாரம் இல்லாத ஆளை அனுப்பிவைப்பதைத்தான் சொல்வேன்.

நான்காம் தேதிக்கு ஒரு தொகையோடு வந்தார்கள். ஒன்றரை லட்சம், முழு இறுதித் தீர்வு. கேட்கப் பெரிய தொகை. தொழிலாளி கண்ணே ஒரு நொடி மாறியது. நான் ஒரு தாளில் கணக்குப் போட்டேன். அடிப்படையும் பஞ்சப்படியும் சேர்த்து மாதம் 13,000. இருபத்தாறால் வகுத்தால் ஒரு நாளுக்கு 500. பதினைந்து நாளுக்கு 7,500. பதினான்கு வருடத்துக்கு 1,05,000. இது பணிக்கொடை, அதாவது கிராஜுவிட்டி. 1972 சட்டப்படி அவருக்குச் சேர வேண்டிய பணம். தானாகவே போய்விட்டார் என்று வைத்துக்கொண்டாலும் இது அவருடையதுதான், பேரம் பேசி வாங்க வேண்டியதில்லை. போனஸ், லீவுச் சம்பளம் இருந்தால் அதுவும் அப்படித்தான். ஆக அவர்கள் புதிதாகத் தருவது 45,000-க்கும் கீழே. ஒழுங்காக ஆட்குறைப்புச் செய்திருந்தால்கூட தொழில் தகராறுகள் சட்டத்தின் 25எஃப் படி வருடத்துக்குப் பதினைந்து நாள் சராசரிச் சம்பளமும் ஒரு மாத நோட்டீஸ் சம்பளமும் சேர்ந்து இன்னொரு லட்சம் வந்திருக்கும்.

ஏற்கெனவே அவருடையதாக இருக்கிற பணத்தை ஒப்பந்தத் தொகைக்குள் போட்டு ஊதிக் காட்டுவது எல்லா இடத்திலும் நடக்கிறது. அலுவலருக்கும் தெரியும். அந்த அலுவலர் அம்மா என் தாளை வாங்கிப் பார்த்துவிட்டு, நிர்வாகத்தைப் பார்த்து, "கிராஜுவிட்டிய தனியா எடுத்துட்டுச் சொல்லுங்க, நீங்க என்ன குடுக்கறீங்க?" என்று கேட்டார். அந்த ஒரு கேள்வியில் பேச்சின் போக்கே மாறிவிட்டது.

தொழிலாளிக்குப் பணம் வேண்டாம், வேலைதான் வேண்டும். நிர்வாகம் சரி, எடுத்துக்கொள்கிறோம், ஆனால் புதிதாகச் சேர்ந்தவராக என்றது. இங்கேதான் உண்மையான சண்டை. 'பணித்தொடர்ச்சியுடன்' என்ற ஒரு சொல்லுக்காக முக்கால் மணி நேரம். அந்தச் சொல் இல்லாவிட்டால் பதினான்கு வருடம் காற்றில் போய்விடும். பணிக்கொடைக் கணக்கு, சீனியாரிட்டி எல்லாம் முதலில் இருந்து. கடைசியில் மேசையில் கிடந்த அந்த ஒப்புகை அட்டைதான் முடிவு செய்தது. தானாகவே போய்விட்டான் என்று சொல்கிறவர்கள், வேலை கொடு என்று அவன் எழுதிய கடிதத்தைக் கையெழுத்துப் போட்டு வாங்கியிருக்கிறார்கள். நீதிமன்றம் போனால் இந்த அட்டைக்கு என்ன பதில் சொல்வது? ஐந்தாம் தேதிக்கு 12(3) ஒப்பந்தம் கையெழுத்தானது. பணித்தொடர்ச்சியோடு வேலை, நான்கு மாதச் சம்பளம் கிடையாது, ஒரு எச்சரிக்கைக் கடிதம்.

நான்கு மாதச் சம்பளத்தை விட்டுக்கொடுத்தது நியாயமா என்று எங்கள் சங்கத்திலேயே கேட்டார்கள். அவர் அம்மாவுக்கு வைத்தியச் செலவு ஓடிக்கொண்டிருந்தது. அடுத்த திங்கள் ஷிப்ட்டுக்குப் போனார்.

ஃபரிதாபாத்தில் நடந்தது

ஜே.எம்.ஏ. தொழிலாளிக்கு மேசையில் எதுவும் கிடைக்கவில்லை. தொழிலாளர் நீதிமன்றம் இரண்டு விஷயம் சொன்னது. கேட்டில் தடுத்ததைத் தொழிலாளி நிரூபிக்கவில்லை. நிலையாணைப்படி வேலை தானாகவே போய்விட்டது, ஆகவே இது வேலைநீக்கமும் இல்லை, சட்டம் சொல்லும் ஆட்குறைப்பும் இல்லை.

முதல் விஷயத்தை எடுத்துக்கொள்ளுங்கள். கேட்டில் தடுத்ததை ஒரு தொழிலாளி எப்படி நிரூபிப்பார்? கேட் பதிவேடு நிர்வாகத்திடம் இருக்கிறது. செக்யூரிட்டி நிர்வாகத்தின் ஆள். கூட வேலை பார்ப்பவர்கள் பார்த்திருப்பார்கள், ஆனால் அதே கேட் வழியாக நாளைக்கும் உள்ளே போக வேண்டியவர்கள் அவர்கள். கூண்டில் ஏறிச் சொல்லச் சொன்னால் நான்கு பேரில் ஒருவர் வந்தாலே அதிர்ஷ்டம். உள்விசாரணை ஒன்று நடந்திருந்தால், எவ்வளவு அரைகுறையாக நடந்திருந்தாலும், அந்த வாரமே செக்யூரிட்டியைக் கேட்டிருக்கலாம், பதிவேட்டைப் பிரித்துப் பார்த்திருக்கலாம், தாளில் ஏதாவது ஏறியிருக்கும். அது நடக்காததால் நிரூபிக்கும் சுமை முழுக்க, வருடங்கள் கழித்து, கையில் எதுவும் இல்லாத ஆள் தலையில் விழுந்தது.

இரண்டு தரப்பையும் கேட்காமல் தண்டிக்கக் கூடாது என்ற இயற்கை நீதியைப் பலர் தொழிலாளிக்குக் காட்டும் கருணையாகப் பேசுகிறார்கள். எனக்கு அது முதலில் சாட்சியத்தைச் சேர்த்து வைக்கும் வழி. இரண்டு தரப்பையும் கேட்டு எழுதி வைத்த ஒரு தாள் இருந்தால் சமரச அலுவலருக்குப் பிடிமானம் கிடைக்கும், நீதிபதிக்கும் கிடைக்கும். அது இல்லாத இடத்தில் எல்லோரும் இருட்டில் துழாவுகிறார்கள்.

உச்ச நீதிமன்றத்தில்

சிறப்பு அனுமதி மனு மூலம் மேல்முறையீடு. தீர்ப்பை எழுதியவர் நீதிபதி கே. ராமசாமி. அவர் பிடித்த நூல் இது: சான்றளிக்கப்பட்ட நிலையாணைக்குச் சட்டத்தின் வலிமை உண்டு. அப்படியென்றால் அது அரசமைப்புச் சட்டத்துக்குக் கட்டுப்பட்டது. 21-ஆம் பிரிவில் உள்ள வாழும் உரிமைக்குள் பிழைப்புக்கான உரிமையும் அடங்கும். ஒருவருடைய பிழைப்பைப் பறிக்கும் நடைமுறை நியாயமானதாக இருக்க வேண்டும், 14-ஆம் பிரிவு தடுக்கிற மனம்போன போக்காக இருக்கக் கூடாது. ஆகவே 13(2)(iv)-க்குள் இயற்கை நீதியைச் சேர்த்துத்தான் படிக்க வேண்டும். விளக்கம் சொல்ல வாய்ப்புத் தரவில்லை, உள்விசாரணையும் நடத்தவில்லை. கடிதம் செல்லாது.

அரசைக் கட்டுப்படுத்தும் 21-ஆம் பிரிவு ஒரு தனியார் கம்பெனிக்கா என்று அப்போது பலர் புருவத்தைத் தூக்கினார்கள். நிலையாணை வழியாக அவர் உள்ளே நுழைந்த விதம்தான் இந்தத் தீர்ப்பின் கெட்டிக்காரத்தனம். நிலையாணையையே ரத்து செய்யவில்லை. அதைத் தொடாமல், அதற்குள் ஒரு கேள்வியை வைத்துத் தைத்துவிட்டார். 'அவரைக் கேட்டீர்களா?'

தொழிலாளியை மீண்டும் பணியில் அமர்த்த உத்தரவு வந்தது. 1980 டிசம்பர் 3-க்கும் 1993 மே 7-க்கும் நடுவில் பன்னிரண்டு வருடம் ஐந்து மாதம்.

அந்தப் பாதிச் சம்பளம்

வேலை இல்லாமல் இருந்த காலத்துக்கான பின்சம்பளம் 50 சதவீதம் என்றது நீதிமன்றம். நிர்வாகம் விசாரணை நடத்தவில்லை, தன் தரப்பைச் சொல்லத் தொழிலாளிக்கு வாய்ப்பும் தரவில்லை. அதே அளவு தொழிலாளியும் தன்னையே நொந்துகொள்ள வேண்டும் என்ற பொருளில் ஒரு வரி வருகிறது. அதற்கு மேல் விளக்கம் இல்லை.

எத்தனை முறை படித்தாலும் இந்த இடம் எனக்கு இடறுகிறது. அவர் கேட்டில் நின்றது உண்மையென்றால் அவர்மேல் என்ன தப்பு? முழுச் சம்பளம் வர வேண்டும். அவர் வரவே இல்லையென்றால் நிர்வாகத்தின் தப்பு நடைமுறையில் மட்டும்தான், பாதிகூட அதிகம் என்று ஒருவர் வாதிடலாம். கேட்டில் நின்றாரா இல்லையா என்று யாராலும் சொல்ல முடியாத நிலையில், நடுவில் ஒரு கோடு போட்டு ஆளுக்குப் பாதி. இது தீர்ப்பின் மொழியில் எழுதிய பேரம். இதே பாதியை, ஏன் இதைவிட நல்ல ஒன்றை, 1981 தொடக்கத்தில் ஒரு சமரச அலுவலர் தன் மேசையில் முடித்திருக்கலாம். அப்போது பாதி என்பது சில வாரச் சம்பளம். 1993-இல் அது ஆறு வருடத்துக்கும் மேலான சம்பளம், நிர்வாகம் கட்ட வேண்டியது. மறுபாதி தொழிலாளிக்கு நஷ்டம்.

2013-இல் ஒரு பள்ளி ஆசிரியை வழக்கில் உச்ச நீதிமன்றம், வேலைநீக்கம் தவறு என்றால் பின்சம்பளம் பொதுவாக முழுசாகக் கிடைக்க வேண்டும், வேறு வேலையில் சம்பாதித்தார் என்றால் அதை முதலாளிதான் காட்ட வேண்டும் என்று கொஞ்சம் ஒழுங்குபடுத்தியது. ஆனாலும் பாதிச் சம்பளப் பழக்கம் போகவில்லை. சமரசம் பேசும்போது இரண்டு தரப்பும் மனதில் வைத்திருக்கும் எண் அதுதான்.

நிர்வாகங்கள் கற்றுக்கொண்டது

ஜே.எம்.ஏ. தீர்ப்புக்குப் பின் நிலையாணையில் இருந்து எட்டு நாள் வரி எங்கேயும் மறைந்துவிடவில்லை. அதற்கு முன்னால் தபால் ஒன்று சேர்ந்தது. 'வேலைக்கு வாருங்கள், அல்லது காரணம் சொல்லுங்கள்' என்று அழைப்புக் கடிதம். 2000-இல் சிண்டிகேட் வங்கி வழக்கில், வங்கி 30 நாள் அவகாசம் கொடுத்துப் பதிவுத் தபால் அனுப்பியது, அது 'வாங்க மறுத்தார்' என்ற குறிப்போடு திரும்பியது. வாய்ப்புக் கொடுத்தாகிவிட்டது, அதைப் பயன்படுத்தாதது ஊழியர் விஷயம் என்று உச்ச நீதிமன்றம் வங்கி பக்கம் நின்றது. சரிதான், கூப்பிட்டும் வராதவருக்காக எத்தனை நாள் காத்திருப்பது? ஆனால் அதே வருடம் ஸ்கூட்டர்ஸ் இந்தியா வழக்கில், நிலையாணையைக் காட்டித் தானாகவே போய்விட்டார் என்பது எடுபடவில்லை. வாய்ப்பு உண்மையாகவே தரப்பட்டதா என்றுதான் நீதிமன்றங்கள் பார்க்கின்றன.

அதனால் இப்போது சண்டை தபால் உறையின் பின்பக்கத்துக்கு மாறிவிட்டது. 'கதவு பூட்டியிருந்தது', 'முகவரியில் இல்லை', 'வாங்க மறுத்தார்.' தொழிலாளி பத்து வருடத்துக்கு முன் காலி செய்த வாடகை வீட்டுக்குக் கடிதம் போகும். ஆனால் சம்பளம் போடுகிற வங்கிக் கணக்கு தெரியும், கைபேசி எண் தெரியும், ஷிப்ட் மாற்றத்தை வாட்ஸ்அப்பில் சொல்லத் தெரியும். வேலை போகிற கடிதம் மட்டும் பழைய முகவரிக்கு. 2025-இல் பதிவுத் தபாலே விரைவுத் தபாலோடு சேர்ந்துவிட்டது. உறை எதுவானாலும் இந்த விளையாட்டு தொடரும்.

2025 நவம்பர் 21 முதல், தொழில் தகராறுகள் சட்டத்தின் இடத்தில் தொழில் உறவுகள் தொகுப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்துவிட்டது. வேலைநீக்க வழக்குக்கான கெடு மூன்று வருடத்தில் இருந்து இரண்டாகச் சுருங்கியிருக்கிறது. தொழிலாளர் நீதிமன்றத்தின் இடத்தில் நீதித்துறை உறுப்பினர் ஒருவர், நிர்வாக உறுப்பினர் ஒருவர் கொண்ட தீர்ப்பாயம் என்பது ஏற்பாடு. சமரசம் 45 நாளுக்குள் முடிய வேண்டும். தற்காலிகப் பணிநீக்கத்தில் இருப்பவர் மீதான விசாரணையை 90 நாளுக்குள் முடிக்கச் சொல்கிறது, இது நல்ல வரி. எனக்குக் கவலை வேறு இடத்தில். நிலையாணை இனி 300 பேருக்குக் குறையாத இடங்களுக்குத்தான் கட்டாயம். ஜே.எம்.ஏ. தீர்ப்பு நிலையாணையின் வாசல் வழியாகத்தான் அரசமைப்புச் சட்டத்தை உள்ளே கொண்டுவந்தது. நிலையாணையே இல்லாத 250 பேர் மில்லில் அந்த வாசலை எங்கே தேடுவது? விசாரணை இல்லாத வேலைநீக்கம் செல்லாது என்று வேறு வழியில் வாதாடலாம், வாதாடுவோம். ஆனால் கையில் இருந்த நல்ல ஆயுதம் ஒன்று அந்த இடங்களில் மழுங்கிப்போகும்.

இப்போதெல்லாம் சங்க அலுவலகத்துக்கு ஒருவர் வந்து, கேட்டில் நிறுத்திவிட்டார்கள் என்று சொன்னால் நான் சர்வீஸ், சம்பளம் எதையும் முதலில் கேட்பதில்லை.

"நிறுத்தின அன்னைக்கே யாருக்காவது எழுதினீங்களாண்ணே?"

பெரும்பாலும் இல்லை என்று தலையாட்டுவார்கள். போன வாரம் வந்தவர் கைபேசியை எடுத்து, காலை 6.10-க்குக் கேட்டுக்கு வெளியே நின்று ஹெச்.ஆருக்கு அனுப்பிய செய்தியைக் காட்டினார். 'சார் உள்ள விடமாட்றாங்க.' கீழே இரண்டு நீல டிக்.